தண்ணீரில் ஒருவர் அதிகம்

எங்கள் டூர் அலுவலகத்தில் இப்போது கைப்பட்டை வந்துவிட்டது. பஸ்ஸில் ஏறும்போது ஒவ்வொரு பயணியின் மணிக்கட்டிலும் ஒரு நீலப் பட்டையை மாட்டிவிட்டால் போதும். யார் ஏறினார்கள், யார் இறங்கினார்கள், யார் இன்னும் கடையில் தொப்பி பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்று எல்லாமே போனில் தெரிந்துவிடும். போன மாதம் ஃபிரிஸ்கோவில் எனக்கு வழியனுப்பு விருந்து கொடுத்தார்கள். என் இடத்துக்கு வந்திருக்கும் ஹரிணி சாம்பாரில் இட்லியை ஊறவைத்துக்கொண்டே கேட்டாள். "இந்த பேண்ட் இல்லாம எப்படி ஆன்ட்டி மேனேஜ் பண்ணீங்க? யாரையாவது மிஸ் பண்ணியிருக்கீங்களா?"

"மிஸ் பண்ணதில்ல. ஒரு தடவை ஒருத்தர் ஜாஸ்தியா வந்துட்டாங்க" என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை என்பதை ஹரிணி மட்டும் கவனித்தாள். அவளுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

நான் நாகர்கோவிலில் பிறந்தவள். கல்யாணமாகி நியூ ஜெர்சிக்கு வந்தேன். எடிசனில் ஒரு டிராவல் ஏஜென்சியில் விமான டிக்கெட் போடும் வேலையில் சேர்ந்து, மெட்ராஸுக்கும் திருச்சிக்கும் திருவனந்தபுரத்துக்கும் ஊருக்குப் போகிறவர்களை அனுப்பிக்கொண்டே பல வருடங்கள் ஓட்டினேன். கணவருக்கு டெக்சாஸுக்கு வேலை மாறியது. ஃபிரிஸ்கோவுக்கு வந்ததும் பக்கத்து ஊரில் ஒரு சின்ன டூர் கம்பெனியில் ஆள் கேட்டிருந்தார்கள். டாலஸிலிருந்து நம் ஊர்க் குடும்பங்களைக் கூட்டிக்கொண்டு மெக்சிகோவின் யுகட்டான் பக்கம் போய்வரும் வேலை. நாலு நாள் பயணம். அதில் ஒரு முழு நாள் மாயா இடிபாடுகளுக்கும், அங்கே பூமிக்குள் இருக்கும் நீச்சல் கிணறுகளுக்கும். மூட்டு வலியால் நின்று வேலை செய்ய முடியாமல் போன நாள் வரைக்கும் அந்த வேலையைத்தான் செய்தேன்.

கம்பெனியை நடத்தியவர் சேஷாத்ரி சார். ஒரு விமான நிலையத்தில் தரைப் பணியில் இருந்து ஓய்வு பெற்றவர். சத்தம் போட்டுத் திட்டி நான் பார்த்ததில்லை. தவறு நடந்தால் ஒரே கேள்வியை இரண்டு தடவை கேட்பார். முதல் தடவைக்கு நாம் ஏதோ சமாளிப்போம். அவர் குரலை உயர்த்தாமல், அதே வார்த்தைகளில் மறுபடி கேட்பார். அப்போது உண்மை தானாக வந்துவிடும்.

எனக்கு அவர் கொடுத்த பயிற்சி என்று பார்த்தால் ஒரே ஒரு பயணம். பஸ்ஸின் கடைசி சீட்டில் உட்கார்ந்து வாயைத் திறக்காமல் வந்தார். அந்த மாயா இடிபாடுகள் இருக்கும் சிச்சென் இட்சாவில் மரங்களுக்கு நடுவே நடந்து திடீரென்று வெட்டவெளிக்கு வந்தோம். எதிரே அந்தப் பெரிய பிரமிடு நின்றது. நான் மனப்பாடம் செய்து வைத்திருந்ததைச் சொல்ல வாயெடுத்தேன். பின்னாலிருந்து என் முழங்கையைத் தொட்டார்.

"இருங்க ஸ்டெல்லா. மொதல்ல அவங்க பாக்கட்டும். நாம பேச ஆரம்பிச்சா அவங்க நம்ம மூஞ்சியப் பாக்க ஆரம்பிச்சிடுவாங்க."

அதனால் நானும் பார்த்தேன். சாம்பல் நிறக் கல். நான்கு பக்கமும் படிகள். இரும்புக் கருவி கையில் இல்லாதவர்கள், பாரம் இழுக்க மாடோ குதிரையோ இல்லாதவர்கள், இந்தக் கல்லையெல்லாம் தோளில் சுமந்து வந்து, வருடத்தின் நாள்களைப் படிகளாக அடுக்கி வைத்திருக்கிறார்கள். பக்கத்துக்குத் தொண்ணூற்றொரு படி. உச்சியில் இருக்கும் ஒன்றையும் சேர்த்தால் முந்நூற்று அறுபத்தைந்து. அதை நான் புத்தகத்தில் படித்திருந்தேன்தான். ஆனால் அதன் முன்னால் நின்றபோது என்னையறியாமல் ஒவ்வொரு படியாக எண்ணத் தொடங்கினேன். நாங்கள் ஐந்து நிமிடம் ஒன்றும் பேசவில்லை. அன்றிலிருந்து என் பயணங்களில் எல்லாம் அந்த ஐந்து நிமிடம் கட்டாயம் உண்டு.

அங்கே விளக்கம் சொல்ல வேண்டியவர் உரிமம் பெற்ற உள்ளூர் வழிகாட்டி. எங்களுக்கு வாய்த்தவள் இட்ஸெல். என்னைவிட இருபது வயது இளையவள். வீட்டில் மாயா மொழி பேசுகிறவள். "மாயாக்கள் எப்படி மறைந்துபோனார்கள்?" என்று யாராவது கேட்டால், கையைத் தன் நெஞ்சில் வைத்து, "நான் இங்கேதானே நிற்கிறேன்?" என்பாள். கேட்டவர் அசடு வழிவார். பிறகு எல்லோரையும் பிரமிடின் படிக்கட்டுக்கு எதிரே நிறுத்தி ஒரே ஒரு தடவை கை தட்டுவாள். நாம் தட்டிய சத்தம் திரும்பி வராது. ஒரு பறவை கத்துவது போல, மேலிருந்து வழுக்கி இறங்கும் ஒரு கீச்சொலி வரும். எத்தனையோ தடவை கேட்டும் ஒவ்வொரு தடவையும் என் கையில் ரோமம் சிலிர்த்தது.

என் வேலை அதற்கெல்லாம் கீழே, தரையில். முதலில் சாப்பாடு. அங்கே மசித்துத் தரும் கறுப்பு பீன்ஸைப் பார்த்து நம் சைவக்காரர்கள் சந்தோஷமாகத் தட்டை நீட்டுவார்கள். அதில் பல இடங்களில் பன்றிக் கொழுப்பு சேர்ப்பார்கள். ஆகவே எல்லோருக்கும் முன்னால் நான் சமையலறைக்குள் நுழைந்து "மான்தேக்கா?" என்று கேட்டு நிற்பேன். அவர்கள் தலையை ஆட்டினால் பீன்ஸ் கிடையாது. தக்காளி சாதமும் நான் கொண்டுபோன ஊறுகாயும்தான்.

அடுத்தது கிணறு. அங்கே அதை செனோட்டே என்பார்கள். யுகட்டானின் அந்த வட பகுதியில் தரைமேல் ஓடுகிற ஆறு ஒன்றுகூடக் கிடையாது. பெய்கிற மழை முழுக்கச் சுண்ணாம்புப் பாறைக்குள் இறங்கி, பூமிக்கு அடியில் ஆறாக ஓடுகிறது. பாறை இடிந்து விழுந்த இடத்தில் அந்தத் தண்ணீர் நமக்குக் கண்ணில் படுகிறது. இடிபாடுகளுக்குள் இருக்கும் புனிதக் கிணற்றில் யாரும் இறங்கக் கூடாது. நாங்கள் நீந்தப் போவது அங்கிருந்து அரை மணி நேரம் தள்ளி உள்ள வேறொரு கிணறு. பெயர் வேண்டாம். ஈரப்படிகளில் எழுபது படி இறங்க வேண்டும். மேலே வட்டமாக வானம். விளிம்பிலிருந்து மரவேர்கள் கயிறு கயிறாகத் தண்ணீர் வரை தொங்கும். கீழே நீலமும் கறுப்புமாக, அடி தெரியாத தண்ணீர். நடுப்பகலில் சூரியன் நேர் மேலே வரும்போது ஒரு ஒளித்தூண் இறங்கி, தண்ணீருக்குள்ளும் நெடுந்தூரம் போகும்.

அதில் இறங்குவதற்கு முன்னால் என் நடைமுறை மாறவே மாறாது. எல்லோரும் ஷவரில் குளித்து சன்ஸ்கிரீனைக் கழுவ வேண்டும், ஏனென்றால் அது ஊருக்குக் குடிதண்ணீர். பெண்கள் தாலியைக் கழற்ற மாட்டார்கள். அதைச் சுருட்டி உள்பக்கமாக ஊக்கு குத்தி விடுவேன். லைஃப் ஜாக்கெட்டில் மூன்று கொக்கி. மூன்றும் மாட்டுகிற சத்தத்தை என் காதால் கேட்க வேண்டும். பிறகு இரண்டு தோளையும் பிடித்து மேலே இழுப்பேன். ஜாக்கெட் காது வரை ஏறி வந்தால் அது பெரிய அளவு, மாற்ற வேண்டும். அதன் பிறகு நான் கீழே மரமேடையில் நின்று எண்ணுவேன். பத்து நிமிடத்துக்கு ஒரு தடவை. வாய்க்குள், தமிழில்.

விருந்தில் நான் சொன்ன அந்தப் பயணத்துக்கு முந்தைய வாரம் காயத்ரி என்றொருத்தி எனக்குப் போன் செய்தாள். ஃபிரிஸ்கோக்காரிதான். சாஃப்ட்வேர் டெஸ்டிங் வேலை. குரலில் ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை.

"ஆன்ட்டி, ஃபார்ம்ல எழுதியிருக்கேன். ஆனா நேர்லயும் சொல்லிடறேன். என் பொண்ணு தியாவுக்கு தண்ணி வேண்டாம். ரெண்டு வருஷம் முன்னாடி என் ஹஸ்பண்ட் ஃபிரெண்ட்ஸோட லேக்ல போட்ல போனார். குதிச்சார். வரல. அவளுக்கு ஸ்கூல்ல மாயா ப்ராஜெக்ட். பிரமிட் பாக்கணும்னு ஒரே அடம். அதுக்குத்தான் வரோம்."

"சரிம்மா. நான் பாத்துக்கறேன்" என்றேன்.

அந்தப் பயணத்தில் மொத்தம் இருபத்தொன்பது பேர். தியாவுக்குப் பத்து வயது. அம்மா தமிழில் பேசினால் ஆங்கிலத்தில் பதில் சொல்கிற ரகம். பிரமிடு முன்னால் எங்கள் ஐந்து நிமிட மௌனம் முடிந்தும் அவள் படிகளை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. இட்ஸெல் கை தட்டியதும், "மறுபடி" என்றாள். மறுபடியும் தட்டச் சொன்னாள். ஏழெட்டுத் தடவை. காயத்ரி ஓரமாக நின்று மகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

கிணற்றுக்குப் போனோம். இறங்குகிறவர்கள் இருபத்தொரு பேர், மேலே தங்குகிறவர்கள் எட்டு பேர். காயத்ரி விளிம்புக் கம்பி பக்கமே வரவில்லை. தூரத்தில் மரத்தடி பெஞ்சில், கிணற்றுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தாள். நான் ஷவர் பக்கத்தில் ஒரு அம்மாளின் தாலிக்கு ஊக்கு குத்திக்கொண்டிருந்தேன். தியா வந்தாள்.

"ஆன்ட்டி, ரெஸ்ட்ரூம்."

"அதோ அங்க இருக்கு பாரு. போய்ட்டு நேரா அம்மாகிட்ட போயிடணும்."

தலையாட்டிவிட்டுப் போனாள். நான் கூடப் போகவில்லை. இன்றுவரை நான் திரும்பத் திரும்ப நினைத்துப் பார்ப்பது அந்த ஒரு நிமிடத்தைத்தான். ஊக்கைக் குத்தி முடித்துவிட்டு அவள் பின்னாலேயே போயிருக்கலாம். போகவில்லை.

கீழே இறங்கினேன். எங்கள் ஆட்கள் எல்லோரும் தண்ணீரில். வேறு குழு எதுவும் அந்த நேரம் இல்லை. எண்ணினேன். இருபத்திரண்டு.

சிரித்துக்கொண்டேன், தப்பாக எண்ணிவிட்டேன் என்று. மறுபடி எண்ணினேன். இருபத்திரண்டு. ஒருவர் குறைந்தால் என்ன செய்ய வேண்டும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். விசில், எல்லோரையும் கரையேற்று, கிணற்றின் நீச்சல் பாதுகாவலரைக் கூப்பிடு. ஒருவர் கூடினால் என்ன செய்வதென்று யாரும் எனக்குச் சொன்னதில்லை. மூன்றாவது தடவை தலைகளை விட்டுவிட்டு முகங்களைப் பார்த்தேன்.

ஒளித்தூண் விழுகிற இடத்தில் ஒரு பெரிய ஆரஞ்சு ஜாக்கெட் மிதந்தது. பெரியவர்கள் அளவு, மேலே அடுக்கி வைத்திருந்தவற்றில் ஒன்று. அதற்குள் தியா. கைகளை விரித்து மல்லாந்து கிடந்தாள். காது தண்ணீருக்குள். கண் திறந்திருந்தது. மேலே வானத்து வட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் பயம் துளிகூட இல்லை. ஆனால் ஜாக்கெட் அவள் தாடைக்கு மேலே ஏறியிருந்தது. கீழ்க் கொக்கி மாட்டாமல் ஆடிக்கொண்டிருந்தது. நான் பெயர் சொல்லிக் கத்தினால் திடுக்கிட்டுக் கையைத் தூக்குவாள். கையைத் தூக்கினால் அதிலிருந்து நழுவிக் கீழே போய்விடுவாள். கீழே நாற்பது மீட்டர்.

என் வாயை நானே பொத்திக்கொண்டேன். எதிர்ப்பக்கம் பாதுகாவலர் விசிலை உதட்டில் வைத்திருந்தார். உள்ளங்கையைக் காட்டி, வேண்டாம் என்று சைகை செய்தேன். எங்களோடு கிணற்றுக்கும் வந்து பக்கத்தில் நின்ற இட்ஸெலின் தோளைத் தொட்டு விரலை நீட்டினேன். அவள் ஒன்றும் கேட்கவில்லை. ரேடியோவையும் செருப்பையும் கழற்றி என் கையில் கொடுத்தாள். ஏணியில் இறங்கி, தண்ணீர் சலசலக்காமல் நீந்தி, பின்பக்கமாகப் போய் தியாவின் முதுகுக்கு அடியில் கையைக் கொடுத்தாள். இன்னொரு கையால் கொக்கியை மாட்டினாள். நீந்துகிறவர்களின் இரைச்சலில் எனக்கு அந்தக் கொக்கிச் சத்தம் கேட்டிருக்க முடியாது. ஆனால் கேட்டதாகத்தான் இன்றும் நினைக்கிறேன்.

மூச்சு விட்டு நிமிர்ந்தேன். மேலே கம்பிக்குப் பின்னால் ஒரு தலை தெரிந்தது. காயத்ரி.

மகள் திரும்பி வராமல் தேடியிருக்கிறாள். எங்கும் காணாமல் கடைசியில் அந்த விளிம்புக்கு வந்திருக்கிறாள். அவள் கத்தவில்லை. தலை மறைந்தது. மயங்கி விழுந்துவிட்டாளோ என்று நினைத்தேன். பிறகு படிகளில் செருப்புச் சத்தம். நான் மேலே ஓடினேன். பாதிப் படியில் அவளைப் பிடித்தேன்.

"இருக்காளா?"

"இருக்கா. கண்ணத் தொறந்துட்டு, நல்லா மூச்சு விட்டுட்டு இருக்கா. இட்ஸெல் பிடிச்சிருக்கா. ஓடாதீங்க காயத்ரி, படி வழுக்கும். என் கையப் பிடிச்சுக்கோங்க."

பிடித்தாள். அவள் நகம் பதிந்த தடம் என் மணிக்கட்டில் இரண்டு நாள் இருந்தது. மேடைக்கு வந்ததும் நின்றுவிட்டாள்.

"தியா. வெளில வா."

தியா தலையைத் திருப்பினாள். "அம்மா, ஐ ஆம் ஓகே. ஜஸ்ட் ஒன் மினிட்."

"வெளில வான்னு சொன்னேன்."

தியா அசையவில்லை. பிறகு ஆங்கிலத்தில் ஒன்று கேட்டாள். அந்தப் பாறைக்குடைவில் மெல்லப் பேசினாலும் எல்லோருக்கும் கேட்கும். தமிழில் சொன்னால் இவ்வளவுதான்: "அம்மா, லேக்கில் அப்பாவுக்கும் மேலே இப்படி வெளிச்சம் தெரிந்திருக்குமா?"

நீந்திக்கொண்டிருந்தவர்களுக்கு இவர்கள் கதை தெரியாது. ஆனாலும் ஒருவர் பின் ஒருவராகக் கையை அசைப்பதை நிறுத்தினார்கள். சத்தமில்லாமல் சுவரோரமாக ஒதுங்கினார்கள். வேர்களிலிருந்து சொட்டுகிற தண்ணீர் மட்டும் கேட்டது.

காயத்ரி மேலே பார்த்தாள். கிணற்றுக்கு வந்த பிறகு அவள் அந்த வெளிச்சத்தைப் பார்த்தது அப்போதுதான்.

"தெரியலடா" என்றாள். செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, "இரு. நானும் பாக்கறேன்" என்றாள்.

என் பக்கம் திரும்பி, "ஜாக்கெட் இருக்கா ஆன்ட்டி?" என்று கேட்டாள்.

வேண்டாம் என்று சொல்லியிருக்க வேண்டுமா? ஷவர் எடுக்கவில்லை. ஃபார்மில் நீச்சல் இல்லை என்று எழுதியிருக்கிறாள். விதிப்படி பார்த்தால் கூடாது. நான் ஜாக்கெட்டை எடுத்து வந்தேன். சல்வாருக்கு மேலேயே போட்டு மூன்று கொக்கியையும் மாட்டினேன். முதல் கொக்கி இரண்டு தடவை நழுவியது. தோளைப் பிடித்து இழுத்துப் பார்த்தேன். ஏறவில்லை. பாதுகாவலர் கயிறு போட்டார். அவள் ஏணியில் ஒவ்வொரு படியாக, கண்ணை மூடிக்கொண்டு இறங்கினாள். தண்ணீர் இடுப்புக்கு வந்தபோது அவளிடமிருந்து ஒரு சத்தம் வந்தது. அழுகை என்று சொல்ல முடியாது. குளிருக்கு வருகிற சத்தமும் இல்லை. பாதுகாவலர் கயிற்றோடு அவளை மெல்ல நடுவுக்குக் கொண்டுபோனார்.

தியா அம்மாவின் கையைப் பிடித்தாள். "காதை உள்ள விடும்மா" என்றாள், தமிழில். காயத்ரி தலையைச் சாய்த்தாள். கண்ணைத் திறந்தாள்.

இரண்டு பேரும் அந்த வெளிச்சத்தின் நடுவில் கிடந்தார்கள். தண்ணீருக்குள் அவர்கள் நிழல் நீளமாக இறங்கிக்கொண்டே போனது. முடிவே தெரியவில்லை. மாயாக்கள் இந்தக் கிணறுகளைக் கீழுலகத்தின் வாசல் என்று நம்பினார்கள் என்பதை நூறு தடவை என் பயணிகளுக்குச் சொல்லியிருக்கிறேன், ஒரு சுவாரசியமான தகவலாக. அன்றைக்கு மேடையில் நின்று, ஏசுவே என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டு, அதை முழுசாக நம்பினேன். அந்த வாசலில் இரண்டு பேர் படுத்து, உள்ளே போனவரைப் பற்றி அமைதியாக விசாரித்துக்கொண்டிருப்பதை என் கண்ணால் பார்த்தேன். பத்து நிமிடம் இருக்கும். ஒளித்தூண் மெல்ல நகர்ந்து சுவரில் ஏறியது. இட்ஸெல் இருவரையும் கரைக்குக் கொண்டுவந்தாள்.

கரையேறியதும் காயத்ரி மகளைக் கட்டிக்கொள்ளவில்லை. இரண்டு தோளையும் பிடித்து உலுக்கினாள். "சொல்லிட்டுப் போ! எங்க போனாலும் சொல்லிட்டுப் போ! கேக்குதா?" அதற்கப்புறம்தான் கட்டிக்கொண்டாள். என்னைப் பார்த்து, குரலை உயர்த்தாமல் சொன்னாள். "நீங்க அவள தனியா அனுப்பியிருக்கக் கூடாது ஆன்ட்டி."

"ஆமாம். தப்பு என்னோடதுதான்" என்றேன்.

டாலஸ் திரும்பியதும் ஒன்றையும் மறைக்காமல் எழுதிக் கொடுத்தேன். ஊக்கு, பாத்ரூம், கொக்கி, ஷவர் இல்லாமல் இறக்கியது, எல்லாம். சேஷாத்ரி சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுக் கேட்டார். "எண்ணிக்கை கூடினா என்ன பண்ணணும்னு நான் உங்களுக்குச் சொல்லிக் கொடுத்தேனா?"

"அது பரவாயில்ல சார், நானே..."

"எண்ணிக்கை கூடினா என்ன பண்ணணும்னு நான் உங்களுக்குச் சொல்லிக் கொடுத்தேனா?"

"இல்ல சார்."

மேஜை இழுப்பறையிலிருந்து நடைமுறைத் தாளை எடுத்து, 'எண்ணிக்கை குறைந்தால்' என்று இருந்த இடத்தில் தன் கையால் 'கூடினாலும்' என்று எழுதினார். பிறகு, "அது என் தப்பு. பாத்ரூம் உங்க தப்பு. அடுத்த ரெண்டு ட்ரிப் நீங்க ஆபீஸ்ல இருங்க" என்றார். அவர் என்னை மன்னித்துவிட்டதாகச் சொல்லியிருந்தால் எனக்கு அழுகை வந்திருக்கும். தண்டித்தார், அதனால் தலை நிமிர்ந்து வேலையைத் தொடர முடிந்தது.

காயத்ரி புகார் எதுவும் கொடுக்கவில்லை. எனக்கு எழுதவும் இல்லை. நானாகக் கூப்பிட எனக்குத் தைரியம் வரவில்லை. கோயிலிலோ கடையிலோ பார்த்தவர்கள் வழியாக ஒரு செய்தி மட்டும் வந்தது. ஃபிரிஸ்கோ நீச்சல் குளத்தில் தியாவைச் சேர்த்திருக்கிறாளாம். தானும் சேர்ந்திருக்கிறாளாம், பெரியவர்களுக்கான ஆரம்ப வகுப்பில்.

அடுத்த கோடையில் ஒரு நாள் காஸ்ட்கோ பார்க்கிங்கில் வண்டியில் சாமான் ஏற்றிக்கொண்டிருந்தபோது போனில் ஒரு குரல் செய்தி வந்தது. காயத்ரியின் எண். அங்கேயே டிக்கியில் சாய்ந்து நின்று கேட்டேன். பேச்சு எதுவும் இல்லை. தண்ணீரைக் கையால் அறைகிற சத்தம். "கிக், அம்மா, கிக்!" என்று தியா கத்துவது. அப்புறம் யாரோ தண்ணீரைக் குடித்துவிட்டு, இருமி, இருமலுக்கு நடுவே விழுந்து விழுந்து சிரிக்கிற சத்தம். அது யார் என்று எனக்குச் சட்டென்று பிடிபடவில்லை. மூன்று தடவை போட்டுக் கேட்டேன். காயத்ரி சிரித்து நான் அதுவரை கேட்டதே இல்லை.